ஊர் தொலைஞ்சா நினைவு எங்கே போகும்? நளினி மலானியின் வீடியோ கலையும் உங்க வீட்டு பழைய கேசட்டும்

சென்னை சென்ட்ரல்லயோ தாம்பரத்துலயோ ரயிலுக்குக் காத்திருந்தவங்க இந்தப் பெயரை அறிவிப்பில் கேட்டிருப்பீங்க: சாந்த்ராகாச்சி. தமிழ், இந்தி, ஆங்கிலம் என மூன்று மொழியிலும் மூன்று விதமாக ஒலிக்கும். வேலூருக்கு சிகிச்சைக்கு வந்து திரும்பும் குடும்பங்கள், நம்ம ஊரில் கட்டடம் கட்டிவிட்டுப் போகும் தொழிலாளர்கள், கொல்கத்தா கிளைக்கு மாற்றலாகிப் போகும் ஐ.டி. ஊழியர்கள் எல்லாருக்கும் அதுதான் 'கொல்கத்தா'. உண்மையில் சாந்த்ராகாச்சி இருப்பது ஹூக்ளி ஆற்றின் மேற்குக் கரையில், ஹவுரா மாவட்டத்தில். கொல்கத்தா ஆற்றுக்கு அந்தப் பக்கம். நிலையத்தை ஒட்டி ஒரு பெரிய ஏரி உண்டு. குளிர்காலம் வந்தால் நீர்ப்பறவைகள் கூட்டம் கூட்டமாக அங்கே வந்து இறங்கும்.

பறவைக்கு வருஷா வருஷம் திரும்பி வர ஒரு இடம் இருக்கிறது. எல்லா மனுஷருக்கும் அப்படி இருக்கிறதா?

கொல்கத்தாவுக்கு வந்து சேர்ந்தவர்களில் லட்சக்கணக்கானோருக்கு அப்படி ஓர் இடம் இல்லாமல் போனது. அவர்களில் ஒரு கைக்குழந்தை பின்னாளில் இந்தியாவின் முக்கியமான வீடியோ கலைஞரானார். பெயர் நளினி மலானி. நினைவையும் இடத்தையும் வைத்து அவர் ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாக என்ன செய்தார், அதில் உங்களுக்கும் எனக்கும் என்ன இருக்கிறது என்று பார்க்கலாம்.

யார் இந்த நளினி மலானி?

1946இல் கராச்சியில் பிறந்தவர். பிரிவினையின்போது குடும்பம் கொல்கத்தாவில் தஞ்சம் புகுந்தது. 1954இல் மும்பைக்கு இடம் பெயர்ந்து, சிந்தி அகதிகளுக்காகக் கட்டப்பட்ட குடியிருப்பில் வாழ்ந்தது. பத்து வயதுக்குள் மூன்று ஊர். அதில் முதல் ஊர் இப்போது வேறு நாடு.

கொல்கத்தா அப்போது எப்படி இருந்தது? கிழக்கு வங்காளத்திலிருந்து வந்தவர்கள் சியால்டா ரயில் நிலைய நடைமேடைகளிலேயே குடித்தனம் நடத்திய காலம் அது. டாக்காவில் பிறந்த ரித்விக் கட்டக் அந்த வலியை சினிமாவாக்கினார். அவருடைய 'கோமல் காந்தார்' (1961) படத்தில் பத்மா நதிக்கரையில் ஒரு ரயில் பாதை முடிந்துவிடும். அந்தப் பக்கம் சொந்த ஊர். தண்டவாளம் உண்டு, போக வழி இல்லை. கேமரா அந்தப் பாதையில் வேகமாக ஓடி, முடியும் இடத்தில் திரை இருண்டுபோகும்.

கட்டக் கிழக்கிலிருந்து வந்தவர், மலானி மேற்கிலிருந்து வந்தவர். இருவரும் கேட்ட கேள்வி ஒன்றுதான்: திரும்பிப் போக முடியாத ஊரை எப்படி ஞாபகம் வைத்துக்கொள்வது?

வீடியோ கலைன்னா என்ன? குறும்படமா?

நிறைய பேருக்கு வரும் சந்தேகம் இது. தியேட்டரில் நீங்க உட்காருவீங்க, படம் ஓடும், முடியும். வீடியோ கலையில் பெரும்பாலும் இருக்கையே கிடையாது. ஒரு அறைக்குள் நான்கு சுவரிலும் நான்கு காட்சிகள் ஓடும். தரையில் டிவி பெட்டிகள் இருக்கலாம். நீங்க நடந்து போவீங்க, உங்க நிழலும் படத்துக்குள் விழும். எங்கே ஆரம்பிக்கணும், எதைப் பார்க்கணும், எப்போ வெளியே போகணும் என்பது உங்க முடிவு.

நினைவு வேலை செய்வதும் கிட்டத்தட்ட இப்படித்தான். பாட்டி வீட்டை நினைத்தால் வாசல், கூடம், கொல்லை என்று வரிசையாகவா வருகிறது? ஒரு வாசனை, ஒரு குரல், ஒரு சாமான் என்று துண்டு துண்டாக, சில சமயம் எல்லாம் ஒன்றாக வரும். நினைவைப் பேச விரும்பும் கலைஞர்கள் பல திரை வீடியோவைத் தேர்ந்தெடுக்க இது ஒரு முக்கியக் காரணம்.

1969: கனவு வீடுகள்

ஓவியர் அக்பர் பதம்சி தனக்குக் கிடைத்த நேரு ஃபெலோஷிப் பணத்தில் மும்பையில் ஒரு பட்டறை தொடங்கினார். ஓவியர்கள், திரைப்படக்காரர்கள் எல்லாரும் கூடி, கேமராவைக் கையில் எடுத்துச் சோதனை செய்யும் இடம். பெயர் 'விஷன் எக்ஸ்சேஞ்ச் வொர்க்‌ஷாப்'. ஜே.ஜே. கலைப்பள்ளியில் படிப்பை முடித்த மலானி அங்கே போனபோது வயது 23.

அங்கே அவர் எடுத்த படங்களில் ஒன்று 'ட்ரீம் ஹவுசஸ்'. அட்டையில் செய்த வீட்டு மாதிரிகள் மீது வண்ண ஒளி பாய்ச்சி, ஃப்ரேம் ஃப்ரேமாக எடுத்த அனிமேஷன். நவீன கட்டடக்கலை எல்லாருக்கும் நல்ல வீடு தரும் என்று நாடு நம்பிய காலத்தின் படம்.

சில வருஷம் கழித்து அதன் பக்கத்தில் இன்னொரு படத்தை வைத்தார். கருப்பு வெள்ளையில் ஓர் இளம்பெண் உயரமான கட்டடத்திலிருந்து கீழே குடிசைப் பகுதியைப் பார்க்கிறாள். இரண்டும் அருகருகே ஓடும் அந்தப் படைப்புக்குப் பெயர் 'உட்டோப்பியா' (1969–76). இடது கண்ணில் வாக்குறுதி, வலது கண்ணில் நிலைமை. விமர்சன வசனம் ஒன்றுகூட தேவைப்படவில்லை. ஓ.எம்.ஆரில் பதினைந்தாவது மாடி பால்கனியில் நின்று கீழே பார்த்தவர்களுக்கு இதற்கு விளக்கம் வேண்டியதில்லை.

1998: பன்னிரண்டு தகரப் பெட்டிகள்

1998 மே 11, 13 தேதிகளில் பொக்ரானில் இந்தியா ஐந்து அணுகுண்டு சோதனைகளை நடத்தியது. அதே மாதக் கடைசியில் பாகிஸ்தானும் நடத்தியது. கராச்சியில் பிறந்து மும்பையில் வாழும் ஒருவருக்கு இந்தச் செய்தி எப்படி இருந்திருக்கும்?

மலானியின் பதில் 'ரிமெம்பரிங் டோபா டேக் சிங்' என்ற வீடியோ நிறுவல். சாதத் ஹசன் மண்டோவின் புகழ்பெற்ற கதையிலிருந்து வந்த தலைப்பு. கதை இதுதான்: பிரிவினைக்குச் சில வருஷம் கழித்து, இரண்டு அரசாங்கங்களும் மனநல விடுதியில் இருப்பவர்களையும் மதவாரியாகப் பரிமாறிக்கொள்ள முடிவு செய்கின்றன. பிஷன் சிங் என்ற முதியவருக்கு ஒரே கேள்விதான். என் ஊர் டோபா டேக் சிங் இப்போது எந்த நாட்டில் இருக்கிறது? யாராலும் தெளிவாகச் சொல்ல முடியவில்லை. கடைசியில் இரண்டு எல்லைக்கும் நடுவே, எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத மண்ணில் அவர் விழுந்து கிடக்கிறார்.

மலானி இதை எப்படி அறைக்குள் கொண்டுவந்தார்?

• எதிரெதிர் சுவர்களில் இரண்டு பெண்கள். ஒருத்தி இந்தியா, ஒருத்தி பாகிஸ்தான். இருவரும் சேர்ந்து ஒரு சேலையை மடிக்கப் பார்க்கிறார்கள். நடுவில் இருக்கும் இடைவெளி விடுவதில்லை.

• தரையில் 12 தகர டிரங்குப் பெட்டிகள். அகதிகள் தூக்கிக்கொண்டு ஓடிய அதே மாதிரிப் பெட்டிகள். திறந்த பெட்டிக்குள் டிவி திரை, அதில் இடம்பெயர்ந்த மக்களின் காட்சிகள்.

• பெரிய சுவரில் ஹிரோஷிமா, நாகசாகி அணுகுண்டு வெடிப்பின் ஆவணக் காட்சிகள்.

சேலையை இரண்டு பேர் சேர்ந்து மடிப்பதை நம்ம வீட்டு மொட்டை மாடியில் எத்தனை தடவை பார்த்திருப்போம்! அம்மாவும் சித்தியும் ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்து உதறி, நடந்து வந்து கைகோர்க்கிற மாதிரி முனைகளைச் சேர்ப்பார்கள். அந்தச் சாதாரண வேலை நடக்காமல் போவதை வைத்தே ஒரு நாடு இரண்டானதைச் சொல்லிவிட்டார் மலானி.

1999இல் மும்பை பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் அருங்காட்சியகத்தில் இது வைக்கப்பட்டது. கேலரிக்குள் கால் வைக்காதவர்களும் குடும்பத்தோடு வந்து போகும் இடம் அது.

"பிரிவினை வடக்கத்திக்காரங்க கதைதானே?"

அப்படி நினைத்தால் ஒரு நிமிஷம் நில்லுங்க. 1964 அக்டோபர் 30. இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் ஒப்பந்தம் செய்கிறார்கள். மலையகத் தோட்டங்களில் தலைமுறைகளாக வேலை செய்த, குடியுரிமை பறிக்கப்பட்ட இந்திய வம்சாவளித் தமிழர்கள் சுமார் 9.75 லட்சம் பேர். அவர்களில் 5.25 லட்சம் பேர் இந்தியாவுக்கு, 3 லட்சம் பேர் இலங்கைக்கு. மீதி 1.5 லட்சம் பேர் விஷயம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

எண்களை மறுபடி படியுங்க. பேச்சுவார்த்தை மேசையில் மனிதர்கள் பங்கு பிரிக்கப்பட்டார்கள். அந்த மக்களிடம் கேட்கவில்லை. அப்படி வந்தவர்களில் பலர் நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டங்களில் குடியேற்றப்பட்டார்கள். கூடலூர், கோத்தகிரி பக்கம் போனால் இன்றும் கண்டி, ஹட்டன் பற்றிப் பேசும் பெரியவர்களைப் பார்க்கலாம். பிஷன் சிங்கின் கேள்விக்குத் தமிழில் மொழிபெயர்ப்பே தேவையில்லை.

யாழ்ப்பாணத்திலும் இதே கேள்வி வேறு வடிவில் உண்டு. 1981 மே 31 இரவு எரிக்கப்பட்ட யாழ் நூலகத்தில் சுமார் 97,000 நூல்களும் சுவடிகளும் அழிந்தன. அதைப் பற்றி சோமீதரன் 2008இல் எடுத்த ஆவணப்படம் 'எரியும் நினைவுகள்'. கட்டடத்தைத் திரும்பக் கட்டிவிட்டார்கள். எரிந்தது என்ன என்பதைச் சொல்ல, அங்கே படித்தவர்களின் ஞாபகம்தான் மிச்சம்.

எண்கள் சொல்வதும் சொல்லாததும்

நான் பிழைப்பது எண்களை வைத்து. அதனால் இதை ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. பிரிவினையில் கடத்தப்பட்ட பெண்கள் 75,000 முதல் 1 லட்சம் வரை இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் மதிப்பிடுகிறார்கள். இந்த வரியை எழுதி, ஒரு பார் சார்ட் போட்டுவிட்டால் என் வேலை முடிந்துவிடும். ஆனால் அந்த 25,000 வித்தியாசத்துக்குள் எத்தனை பேர் யாராலும் எண்ணப்படாமலே போனார்கள்? திரும்பி வந்தவர்களைக் குடும்பம் ஏற்காதபோது அவர்கள் என்ன ஆனார்கள்? பலர் வாழ்நாள் முழுக்க வாயே திறக்கவில்லை. மௌனத்தை எக்செல் ஷீட்டில் எந்த கட்டத்தில் போடுவது?

மானுடவியலாளர் வீணா தாஸ் இந்த மௌனத்தைப் பற்றி எழுதிய கட்டுரை ஒன்றை எடுத்துக்கொண்டு மலானி 2005இல் 'மதர் இந்தியா' என்ற ஐந்து திரை வீடியோவைச் செய்தார். தேசத்தைத் தாயாக வணங்கும் அதே மண்ணில் பெண் உடல் போர்க்களமாவதை 1947இலிருந்து 2002 குஜராத் வரை கோக்கிற படைப்பு. அந்த வருஷம் வெனிஸ் பியன்னாலேயில் காட்டப்பட்டது.

2012இல் ஜெர்மனியின் காசல் நகரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சிக்கு 'இன் சர்ச் ஆஃப் வேனிஷ்ட் பிளட்' செய்தார். ஒளி ஊடுருவும் பெரிய உருளைகளின் உள்பக்கம் ஓவியம் வரைந்து, அவற்றைச் சுழலவிட்டு, அதன் வழியே வீடியோவைப் பாய்ச்சினார். சுவரெங்கும் நிழல்கள் ஓடும். தோல்பாவைக்கூத்து பார்த்தவர்களுக்கு உடனே பிடிபடும் தொழில்நுட்பம். தலைப்பு ஃபைஸ் அகமது ஃபைஸின் கவிதையிலிருந்து. உள்ளே மகாஸ்வேதா தேவியின் 'திரௌபதி' கதையும் உண்டு.

2018இல் கத்துவாவில் எட்டு வயதுச் சிறுமி கொல்லப்பட்டது நினைவிருக்கும். அதன் பிறகு ஐபேடில் விரலால் வரைந்த அனிமேஷன்களைக் கோத்து 'கேன் யூ ஹியர் மீ?' செய்தார். 2020இல் லண்டன் வைட்சேப்பல் கேலரியில் 88 அனிமேஷன்கள் ஒரே அறையில் ஓடின. எழுபது வயதைக் கடந்தவர், நாம மீம் பார்க்கிற அதே கருவியில் செய்த வேலை அது. 2023இல் ஜப்பானின் கியோட்டோ பரிசு அவருக்குக் கிடைத்தது.

வரைந்து, பிறகு அழிப்பது ஏன்?

மலானி 1992இல் மும்பை கேலரி செமோல்டின் சுவர்களில் நேரடியாகப் பெரிய ஓவியம் வரைந்தார். 'சிட்டி ஆஃப் டிசையர்ஸ்' என்று பெயர். கண்காட்சி முடிந்ததும் அதன் மேல் வெள்ளையடித்தாகிவிட்டது. விற்க எதுவும் இல்லை. ராஜஸ்தானின் நாத்வாராவில் கவனிப்பாரற்று அழிந்துகொண்டிருந்த சுவரோவியங்களை நினைவுபடுத்தத்தான் அப்படிச் செய்தார். பின்னாளில் பல கண்காட்சிகளில் சுவர் ஓவியத்தை அழிப்பதையே ஒரு நிகழ்வாக வைத்தார்.

கோலம் போடுகிற வீட்டில் வளர்ந்த நமக்கு இது புதுசில்லை. ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. கோலம் நாளைக்கும் வரும் என்று தெரியும். இந்த அழிப்பைப் பார்க்கிறவர் அது திரும்ப வராது என்று தெரிந்தே பார்க்கிறார். அதனாலேயே மறக்க மாட்டார்.

சிக்கல் இங்கேதான்: படமும் சாகும்

நினைவைக் காப்பாற்ற ஃபிலிமும் வீடியோவும் போதும் என்று நினைத்தால் ஏமாந்துபோவோம். மலானி போன அதே பட்டறையில் அக்பர் பதம்சி எடுத்த 'ஈவென்ட்ஸ் இன் எ க்ளவுட் சேம்பர்' படத்தின் ஒரே பிரதி தொலைந்துபோனது. நாற்பது வருஷம் கழித்து, தொண்ணூறை நெருங்கிய பதம்சியின் ஞாபகத்தை மட்டும் வைத்து இயக்குநர் ஆஷிம் அலுவாலியா அதைத் திரும்ப உருவாக்கப் பார்த்தார். 2016இல் வந்த அந்தப் படத்துக்கும் அதே பெயர்தான்.

நம்ம கணக்கு இன்னும் மோசம். முதல் தமிழ்ப் பேசும் படம் 'காளிதாஸ்' (1931) இன்று பார்க்கக் கிடைக்காது. தென்னிந்தியாவின் முதல் மௌனப் படம், நடராஜ முதலியாரின் 'கீசக வதம்', அதுவும் இல்லை.

வீடியோ டேப்புக்கும் இதே கதிதான். ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலி ஆவணக் காப்பகம் 2015லேயே ஓர் எச்சரிக்கை வெளியிட்டது: காந்த நாடாவில் இருப்பதை 2025க்குள் டிஜிட்டலாக்காவிட்டால் பெரும்பாலானவை போய்விடும். காரணம் இரண்டு. நாடா கெடுகிறது, அதை ஓட்டும் கருவியும் காணாமல் போகிறது. வி.சி.ஆர். தயாரித்துவந்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது.

இப்போ உங்க வீட்டு அலமாரி

என் பெற்றோரின் கல்யாண கேசட் இருபது வருஷம் பீரோ மேல் கிடந்தது. எடுத்துப் பார்த்தபோது நாடாவின் ஓரத்தில் வெள்ளைப் பூஞ்சை. மாற்றிக் கொடுத்த கடையில் முகூர்த்தத்தைக் காப்பாற்ற முடிந்தது. பந்திக் காட்சி போய்விட்டது. என் தாத்தா யாரையோ "சாப்பிட்டீங்களா?" என்று கேட்பது அந்தப் பந்தியில்தான் இருந்தது. அவர் குரல் வேறு எதிலும் பதிவாகவில்லை. அந்த வீட்டையும் விற்றாகிவிட்டது.

உங்களுக்கு அப்படி ஆகாமல் இருக்க, இந்த வார இறுதியிலேயே செய்யக்கூடியவை:

1. எல்லா கேசட்டையும் எடுத்து எண்ணுங்க. வி.எச்.எஸ்., வீடியோ 8, மினி டிவி, சூப்பர் 8 ஃபிலிம் என்று வகை பிரியுங்க. ஒவ்வொன்றுக்கும் வேறு கருவி வேண்டும்.

2. வெள்ளைத் திட்டு தெரிந்தால் பிளேயரில் போடாதீங்க. நாடா அறுந்துபோகலாம், பிளேயர் வழியாக மற்ற கேசட்டுக்கும் பூஞ்சை பரவும். சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுங்க.

3. வி.எச்.எஸ். கேசட்டின் முதுகில் ஒரு சின்ன பிளாஸ்டிக் துண்டு இருக்கும். அதை உடைத்துவிட்டால் தப்பித்தவறிக்கூட மேலே ரெக்கார்ட் ஆகாது.

4. மாற்றித் தருபவரிடம் டிவிடி மட்டும் போதும் என்று சொல்லாதீங்க. ஃபைலாகக் கேளுங்க. டிவி தரத்தில் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி ஆகும். ஹார்ட் டிஸ்க் விலைக்கு இது ஒன்றுமே இல்லை.

5. மூன்று பிரதி, இரண்டு வகைச் சேமிப்பு, அதில் ஒன்று வேறு இடத்தில். ஒன்று ஹார்ட் டிஸ்க், ஒன்று கிளவுட், ஒன்று ஊரில் இருக்கும் அக்கா வீட்டில். வெள்ளம் பார்த்த சென்னைக்காரர்களுக்கு இந்த மூன்றாவது ஏன் என்று தெரியும்.

6. இதுதான் முக்கியம். அந்த வீடியோவைப் பெரியவர்களோடு உட்கார்ந்து பாருங்க, அப்போது அவர்கள் பேசுவதை போனில் பதிவு பண்ணுங்க. "இது யாரு?", "இது எந்த வீடு?", "அந்த வேப்ப மரம் இப்போ இருக்கா?" என்று கேளுங்க. பெயர் தெரியாத முகம் இன்னும் இருபது வருஷத்தில் வெறும் முகமாகிவிடும்.

ஆறாவதில் நீங்க செய்வதும் மலானி செய்வதும் அடிப்படையில் ஒரே வேலை. ஒரு பழைய காட்சி, அதன் பக்கத்தில் இன்றைய குரல். நடுவில் இருக்கும் இடைவெளியில் என்ன நடந்தது என்பது அப்போதுதான் வெளியே வரும்.

அடுத்த தடவை நடைமேடையில் சாந்த்ராகாச்சி என்ற பெயர் கேட்டால் கவனியுங்க. பெட்டி படுக்கையோடு ஏறுகிறவர்களில் எத்தனையோ பேர் ஊருக்குத் திரும்புகிறார்கள். எத்தனையோ பேர் ஊரை விட்டு வருகிறார்கள். அவர்கள் போனிலும் வீடியோ இருக்கும்: ஒரு குளம், ஒரு கூரை, பின்னணியில் கூப்பிடும் ஒரு அம்மா. அதை யாராவது பேக்கப் எடுத்திருப்பார்களா?

நீங்க எடுத்துட்டீங்களா?